ஈர வைக்கோல்

மலை செத்து ஒரு தலைமுறை ஆகிவிட்டது. இந்த விஷயம் உயிரோடிருப்பவர்களில் மூன்று பேருக்குத்தான் தெரியும். இரண்டு பேர் மலைக்கு அடியில் வேலை பார்த்தார்கள். மூன்றாமவர் மலையின் பேரைச் சொல்லி உட்கார்ந்து சாப்பிட்டார்.

மற்றவர்களுக்கு அது உயிரோடுதான் இருந்தது. பெரிய சூரியன் அடிவானத்தில் இறங்கி, சின்னச் சூரியன் சிகரத்தின் தலையில் வந்து உட்காரும் பொழுதில் ஜனம் வரிசை கட்டி வரும். பழைய நெருப்பாறு உறைந்து கறுப்புக் கண்ணாடியாகக் கிடக்கும் சமவெளி அது. செருப்பில்லாமல் நடக்க வேண்டும். கண்ணாடிச் சில்லு காலைக் கிழித்தால் புண்ணியம் என்று எவனோ கிளப்பிவிட்டிருந்தான். கால் கிழியாதவர்கள் கிழிந்தவர்களைப் பொறாமையோடு பார்த்துக்கொண்டே நடப்பார்கள். சரிவெங்கும் மஞ்சளாகக் கந்தகம் பூத்திருக்கும். அது தானாகப் பூத்து வெகுகாலம். மழை கழுவிவிட்டுப் போனால் மறுநாள் விடியும் முன்னால் ஆள் போய்த் தூவிவிட்டு வர வேண்டும்.

மேலே மேடை வாசலில் ஒரு கூண்டு. கூண்டுக்குள் ஒரு கனல்பல்லி. ஒரு காலத்தில் இந்தச் சரிவு முழுக்கத் தணலில் படுத்துத் தூங்கிய இனம். மலை ஆறியதும் மற்றதெல்லாம் வேறு மலை பார்த்துப் போய்விட்டன. புத்தியுள்ள பிராணிகள். இது ஒன்று மட்டும் கிழடு தட்டி, நகர முடியாமல் மாட்டிக்கொண்டது. வெளிறிப்போன அதன் முதுகில் செம்மண் குழைத்துப் பூசியிருந்தார்கள். போகிறவர்கள் அதற்கும் ஒரு கும்பிடு போட்டுவிட்டுப் போவார்கள். பல்லி கண்ணைத் திறந்துகூடப் பார்க்காது. அந்த மலையில் மரியாதைக்குரிய ஜீவன் அது ஒன்றுதான் என்று காலேஜ் நினைப்பான்.

காலேஜ் என்பது மலையடியில் அவனுக்கு விழுந்த பட்டப்பெயர். பாறைகளைப் பற்றி ஊன்றிப் படித்தவன். படித்து முடித்த கையோடு வெப்பமானியைக் கயிற்றில் கட்டி மலையின் ஏழு வாயிலும் இறக்கிப் பார்த்தான். ஏழும் அவன் வீட்டுக் கிணற்றைவிடக் குளிர்ச்சி. ஊரே வாயைப் பிளக்கப் போகிறது என்று நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு காரியஸ்தரிடம் போய்ச் சொன்னான். மலையின் வரவு செலவு, நல்லது கெட்டது எல்லாம் பார்க்கிறவர் காரியஸ்தர். அவர் கோபப்படவே இல்லை. முழுசாகக் கேட்டார். கேட்டுவிட்டு, இவ்வளவு விவரம் தெரிந்த பிள்ளையை வெளியே அலைய விடலாமா என்று வருத்தப்பட்டு அங்கேயே வேலை போட்டுக் கொடுத்தார். அப்போதுதான் கல்யாணம் ஆகியிருந்தது. காலேஜ் வாங்கிக்கொண்டான். உண்மையைக் கண்டுபிடித்தவனை அந்த உண்மைக்கு அடியிலேயே உட்கார வைத்துவிட்டார் மனுஷன்.

வேலை இதுதான். யாராவது இறந்தால் அவர்கள் உடுத்திய துணி ஒன்றைக் கொண்டுவந்து மலையின் பெரிய வாயில் போடுவார்கள். மலை பதில் சொல்லும். வெள்ளைப் புகை வந்தால் செத்தவரை மலை உள்ளே சேர்த்துக்கொண்டது. கறுப்பு வந்தால் இன்னும் வாசலில்தான் நிற்கிறார், அடுத்த வருஷம் திரும்ப வர வேண்டும். யாருக்கு வெள்ளை, யாருக்குக் கறுப்பு என்பதை வந்தவர்கள் முகத்தைப் பார்த்தே காரியஸ்தர் முடிவு செய்வார். மேடைத் திரைக்குப் பின்னால் ஒரு கயிறு தொங்கும். பாறைக்குள் ஓடிக் கீழே குழியில் ஒரு மணியில் முடியும் கயிறு. ஒரு இழுப்பு வெள்ளை, இரண்டு இழுப்பு கறுப்பு. வெள்ளைக்கு ஈர வைக்கோல். கறுப்புக்கு எண்ணெயில் நனைத்த கந்தல். கந்தலுக்குப் பஞ்சமே இல்லை. வாயில் போட்ட துணிகள் எங்கும் போவதில்லை. கொஞ்சம் கீழே ஒரு பாறை விளிம்பில் வந்து விழும். கொக்கி போட்டு இழுத்துக் கிழித்து எண்ணெயில் ஊறவைத்தால் ஆயிற்று. ஒருத்தர் வீட்டுப் பாட்டனார் வேட்டியில் இன்னொருத்தர் வீட்டுப் பெரியம்மா வாசலில் நிற்பாள்.

குழியில் அவனோடு வேலை பார்த்தவன் துருத்தி. துருத்தி ஊதுகிற ஆள், அதனால் அந்தப் பெயர். அகலமான தோளும் தோல் முன்கட்டுமாக, ஊதும்போது பாடிக்கொண்டே ஊதுவான். அவனுக்கு மலை செத்ததில் ஒரு துக்கமும் கிடையாது. அடுப்பு எரிகிறது, வேலை நடக்கிறது, அவ்வளவுதான்.

வீட்டில் காலேஜுக்கு மலையில் விளக்குப் பார்க்கிற வேலை என்றுதான் மாமியார் நினைத்திருந்தாள். எங்க மாப்பிள்ளை மலையிலேயே வேலை பார்க்கிறார் என்று தெருவெல்லாம் சொல்லிப் பூரித்துப்போவாள். மனைவிக்கு மட்டும் தெரியும். சாயங்காலம் அவன் தலைமுடியை முகர்ந்து பார்த்துவிட்டுக் கேட்பாள்.

"இன்னைக்கு எத்தனை பேரை உள்ள அனுப்பிவிட்டீங்க?"

கேட்டுவிட்டுச் சிரித்துக்கொண்டே போய்க் குளிக்கத் தண்ணீர் எடுத்து வைப்பாள். அவள் செய்ததில் சீக்கிரம் செய்தது அது ஒன்றுதான். மற்ற எதற்கும் அவள் நேரத்துக்குக் கிளம்பியதில்லை. கல்யாணத்தன்றே மாப்பிள்ளை வீட்டார் வந்து உட்கார்ந்து, இருமி, கொட்டாவி விட்டு, பிறகுதான் பெண் வந்தாள். எங்கேயாவது போக வேண்டுமென்றால் அவன் செருப்பைப் போட்டுக்கொண்டு வாசலில் நிற்பான். உள்ளேயிருந்து "இதோ வந்துட்டேன்" என்று குரல் மட்டும் வரும். அந்தக் குரல் வந்த பிறகு ஒரு தூக்கம் போடலாம்.

ஒரு காய்ச்சலில் போய்விட்டாள். அதற்கு மட்டும் யாரையும் காக்க வைக்கவில்லை.

காலேஜ் அழவில்லை. பிணம் எடுத்த மறுவாரமே குழிக்கு இறங்கி வைக்கோலை நனைத்தான். தெருவில் அவனை வாயில் போட்டு மென்றார்கள். படிச்ச பயலுக்கு நெஞ்சில் கல்லைத்தான் வச்சிருக்கான் ஆண்டவன் என்று மனைவியின் சித்தப்பா கடைக்குக் கடை சொல்லிவந்தார். இருக்கலாம். சாப்பாடு இறங்கியது, தூக்கம் வந்தது. காலையில் வேலைக்குக் கிளம்பும்போது செருப்பைப் போட்டுக்கொண்டு வாசலில் கொஞ்ச நேரம் சும்மா நிற்பான். பிறகு போவான்.

சிக்கல் கதவில் இருந்தது. வெள்ளைப் புகை வரும்வரை செத்தவர் வீட்டுக் கதவைத் தாழ் போடக் கூடாது. வாசலில் நிற்கிறவர் எந்த நேரமும் உள்ளே வரலாமாம். மாமியார் அதை அச்சுப் பிசகாமல் கடைப்பிடித்தாள். சரிவிலிருந்து காற்று வீசினால் கதவு சுவரில் மோதும். சாம்பல் நேரே உள்ளே வந்து தட்டில் விழும், படுக்கையில் விழும். தெருநாய் ஒன்று வந்து அடுப்படியில் குடித்தனம் நடத்தியது. மாமியார் கூடத்தில் கதவைப் பார்த்தபடி சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருப்பாள். படுப்பதே இல்லை. கதவு அசைந்தால் நிமிர்வாள். நாய்தான் என்று தெரிந்ததும் திரும்பச் சாய்வாள். நாளுக்கு நாள் தேய்ந்து பாதியாகிவிட்டாள். கறுப்பு வந்துவிட்டால் அடுத்த வருஷம் வரை இப்படி உட்கார்ந்திருக்க அவள் உடம்பில் தெம்பில்லை.

இதைப் பார்க்கப் பார்க்க அவனுக்கு எரிச்சல்தான் வந்தது. கிணற்றைவிடக் குளிர்ந்த ஒரு கல்குவியல் அனுமதி கொடுத்தால்தான் இவள் கண்ணை மூடுவாள். சரி, கொடுத்துவிட்டுப் போகட்டும். அவன் காரியஸ்தரிடம் போய் நின்றான். வெள்ளை வேண்டும் என்றான்.

"உனக்கு இல்லாததா?" என்றார் காரியஸ்தர். முகத்தில் அவ்வளவு திருப்தி. மலை செத்துவிட்டது என்று வெப்பமானியோடு வந்தவன், இன்று அதே மலையிடம் சிபாரிசுக்கு நிற்கிறான். காலேஜுக்குத் தன் முகத்தில் தானே காறித் துப்ப வேண்டும்போல் இருந்தது.

துருத்தியிடமும் ஒன்று சொல்லி வைத்தான். மாமியார் போடப்போவது மனைவியின் பச்சைச் சால்வை. அதைக் கிழித்துவிடாதே, ஓரமாக எடுத்து வை, யாருக்கும் தெரியாமல் நான் வீட்டுக்குக் கொண்டு போய்விடுகிறேன் என்றான். துருத்தி அவனை ஒரு மாதிரி பார்த்துவிட்டுத் தலையை ஆட்டினான். துக்கக்காரன் அன்று மேடையில்தான் நிற்க வேண்டும், குழிக்கு வர முடியாது. துருத்தி ஒருவனாகவே பார்த்துக்கொள்வதாகப் பேச்சு.

அன்று காலேஜும் மாமியாரும் சுனையில் தலைமுழுகி, ஈரத் துணியோடு மேடையேறினார்கள். வெந்நீர்ச் சுனை என்று பெயர். வெந்நீர் எங்கே காய்கிறது என்று அவனுக்குத் தெரியும், விறகு சுமந்தவன் அவன்தான். பின்னால் உறவுக்கூட்டம். சித்தப்பா காலில் நல்ல கிழிசல் ஒன்றை வாங்கிக்கொண்டு, எல்லோருக்கும் தெரிகிற மாதிரி நொண்டிக்கொண்டு வந்தார்.

முன்னால் புகைசொல்லி நின்றார். வருகிற புகையைப் பார்த்துப் பொருள் சொல்ல வேண்டியது அவர் வேலை. அந்த மனிதர் நிஜமாகவே நம்பினார். அதனாலேயே அவருக்கு அந்த வேலை கிடைத்தது. கண்ணில் நீர் தளும்ப அவர் சொல்வதைக் கேட்டால் கல்லும் கரையும். கீழே குழியில் துருத்தி அதைக் கேட்டு விழுந்து விழுந்து சிரிப்பான்.

சின்னச் சூரியன் சிகரத்தில் உட்கார்ந்தது. மாமியார் சால்வையை ஈரம் படாமல் இரண்டு கையிலும் ஏந்தியிருந்துவிட்டு, மலைவாயில் விட்டாள். பச்சை கொஞ்ச தூரம் தெரிந்தது, பிறகு இருட்டில் போய்விட்டது. திரைக்குப் பின்னால், காலேஜ் நின்ற இடத்துக்கு மட்டும் தெரிகிற மாதிரி, காரியஸ்தரின் தோள் ஒருமுறை இறங்கி ஏறியது. ஒரு இழுப்பு. கீழே மணி அடித்திருக்கும். காலேஜ் கையைக் கட்டிக்கொண்டு நின்றான். தான் சமைத்ததை அடுத்தவர்கள் சப்புக்கொட்டிச் சாப்பிடுவதைப் பார்க்கிற சமையல்காரனைப் போலத்தான் நிற்கப்போகிறோம் என்று நினைத்து வந்திருந்தான்.

புகை வரவில்லை.

ஜனம் கழுத்தை நீட்டியது. திரைக்குப் பின்னால் தோள் மறுபடி இறங்கி ஏறியது. பிறகு, கிணற்றில் வாளி சிக்கிக்கொண்டவன் மாதிரி காரியஸ்தர் கயிற்றைப் போட்டு இழு இழு என்று இழுத்தார். மலைவாய் கழுவித் துடைத்த சட்டிபோல வெறுமையாக இருந்தது. வெள்ளை தெரியும், கறுப்பு தெரியும். ஒன்றுமே வராமல் போனதை அங்கே யாரும் பார்த்ததில்லை. புகைசொல்லி ஜனத்தைப் பார்த்தார், மலையைப் பார்த்தார், உதட்டை நனைத்துக்கொண்டார். நம்புகிறவர் ஆயிற்றே, பூசி மெழுகவும் தெரியாது.

சித்தப்பாவுக்கு அந்தச் சங்கடம் இல்லை.

"வீட்டுக்குள்ள ஏதோ தப்பு நடந்திருக்கு. இல்லாட்டி மலை எதுக்கு வாயை மூடிக்குது? கறுப்பாவது வந்திருக்கலாமே. வாசல்லகூட நிக்க விடல பாரு எங்க பொண்ணை."

அடங்கின குரலில் சொல்வதுபோல் எல்லோருக்கும் கேட்கச் சொன்னார். மாமியார் திரும்பவில்லை. ஈரத் துணியில் உடம்பு வெடவெடவென்று நடுங்கியது. அவள் விரல்கள் காலேஜின் முழங்கையைப் பிடித்திருந்தன. அந்தப் பிடி கொஞ்சம் கொஞ்சமாகத் தளர்வதை உணர்ந்தபோது, மனைவி இறந்த நாளிலிருந்து முதல்தடவையாக அவனுக்குப் பயம் வந்தது. இவள் இப்படியே வீட்டுக்குப் போனால் அந்தக் கதவைப் பார்த்துக்கொண்டே முடிந்துவிடுவாள். இனி அடுத்த வருஷம்கூட அவளுக்குக் கிடையாது.

"அத்தை, இங்கயே நில்லுங்க. யார் என்ன சொன்னாலும் இறங்காதீங்க. இதோ வந்துட்டேன்."

திரையைத் தாண்டும்போது காரியஸ்தர் அவன் கையைப் பிடித்தார். முகம் வெளுத்துப்போயிருந்தது. மலை செத்த செய்தியையே அசராமல் கேட்ட மனுஷன்.

"உன் கூட்டாளி செத்துத் தொலைஞ்சானா பாரு, போ."

பின்புறப் படிகளில் வழுக்கி விழுந்து எழுந்து இறங்கினான். குழிக்குள் போனதும் ஒரு கணம் இடம் மாறி வந்துவிட்டோமோ என்று நினைத்தான். தரை பெருக்கிக் கழுவியிருந்தது. அடுப்பில் ஒரு பொட்டுக் கங்கு இல்லை. சாம்பலை அள்ளி, தண்ணீர் தெளித்து, கல்லைத் தேய்த்து வைத்திருந்தான் துருத்தி. எண்ணெய்க் கந்தல், சுள்ளி எல்லாம் வெளிக் கொட்டகைக்குப் போயிருந்தன. சுவரில் ஒரு விளக்கு எரிந்தது. அதற்குப் பக்கத்தில் ஒரு ஆணியில் பச்சைச் சால்வை, உதறி மடித்தபடி. துருத்தி ஈரம் காயாத தலையை வாரிக்கொண்டு, கையைக் கட்டி நின்றான்.

"ஏன்யா பத்த வைக்கல?"

"உனக்கா?" என்றான் துருத்தி. கேள்வியே அவனுக்குப் புரியவில்லை. "ஊரானுக்குக் காட்டலாம். நீ நம்மாளு. உன் பொண்டாட்டி பேரைச் சொல்லி நான் வைக்கோலைக் கொளுத்திவிட்டு, நீ மேல நின்னு அதைப் பாத்துக்கிட்டு இருப்பியா? எனக்குக் கூசுதுப்பா. இன்னைக்கு ஒரு நாளாவது இங்க பொய் வேணாம்னு குழியைக் கழுவிவிட்டேன்."

"மணி அடிச்சுதே?"

"அடிச்சுது. கயிறு கையில இருந்தா அந்தாளு இழுப்பாரு."

பெருமையாகச் சொன்னான். அந்தக் குழியில் எவனும் எவனுக்கும் செய்யாத மரியாதை அது. ஆயுள் முழுக்க ஊரின் கண்ணில் மண்ணைத் தூவியவனுக்கு, யோக்கியனாக இருக்க இந்த நாள்தான் கிடைத்தது. காலேஜுக்குக் கத்த வேண்டும்போல் இருந்தது. கத்துவதற்கு என்ன இருக்கிறது? எல்லாம் தெரிந்தவன், எதற்கும் அசையாதவன் என்று இத்தனை வருஷம் காட்டிக்கொண்டு திரிந்தது அவன்தானே. துருத்தி அதை அப்படியே நம்பிவிட்டான். மலையை ஜனம் நம்பியது மாதிரி.

"மேல எங்க அத்தை நிக்கிறாங்க" என்றான்.

துருத்தியின் கை தானாகக் கீழே இறங்கியது. அத்தையை அவன் யோசித்திருக்கவே இல்லை. கொட்டகைக்கு ஓடி கந்தல் கொண்டு வருவதாகக் கிளம்பினான். கொட்டகை சரிவைச் சுற்றிக்கொண்டு அந்தப் பக்கம் இருந்தது. போய்த் திரும்புவதற்குள் ஜனம் பாதி வழி இறங்கியிருக்கும்.

தொட்டியில் வைக்கோல் ஊறிக்கொண்டிருந்தது. விறகு தொடை தண்டிக்கு இருந்தது. இரண்டும் தானாகப் பிடிக்காது, பற்றவைக்க உலர்ந்தது ஏதாவது வேண்டும். அவன் உடம்பில் இருந்தது ஈரத் துணி. துருத்தி உடுத்தியது தோல். கழுவித் துடைத்த குழியில் காய்ந்த பொருள் என்று இருந்தது ஒன்றே ஒன்றுதான்.

அவன் அதை ஆணியிலிருந்து எடுத்தான். முகத்தருகே கொண்டுபோனான், பாதியில் நிறுத்திக்கொண்டான். விளக்கிலிருந்த எண்ணெயைக் கொஞ்சம் அதன் மேல் ஊற்றி, திரியின் முனையில் பிடித்தான். சால்வை முரண்டு பிடித்தது. ஓரத்தில் கருகிச் சுருண்டு, அணைந்து, திரும்பப் பிடித்தது. பிறகு எரிந்தது. மலைவாயில் போட்ட துணிகளில் உடுத்தியவர் பேரிலேயே எரிந்த துணி, அவனுக்குத் தெரிந்து, அது ஒன்றுதான்.

"ஊது" என்றான்.

துருத்தி ஊதினான். பாடவில்லை. விறகு பிடித்தது. காலேஜ் இரண்டு கையாலும் ஈர வைக்கோலை அள்ளி அள்ளிப் போட்டான். குழி முழுக்கப் புகை முட்டி, கண்ணில் ஏறி, தொண்டையில் இறங்கியது. கண்ணில் நீர் வழிந்தது. ஈர வைக்கோல் புகைக்கு யாருக்கும் வழியும். அவன் துடைக்கவில்லை, போட்டுக்கொண்டே இருந்தான். போதும், போதும்ப்பா என்று துருத்தி தோளைப் பிடித்து இழுத்த பிறகுதான் நிறுத்தினான். அந்த மலை உயிரோடிருந்த காலத்தில்கூட அவ்வளவு புகைத்திருக்காது.

திரும்ப மேடைக்கு வந்தபோது புகைசொல்லி இரண்டு கையையும் விரித்து அழுதுகொண்டிருந்தார். ஜனம் தரையில் விழுந்து கிடந்தது. சித்தப்பா எல்லோருக்கும் முன்னால் போய் விழுந்திருந்தார். எங்க அண்ணன் பொண்ணு, எங்க அண்ணன் பொண்ணு என்று பக்கத்திலிருப்பவனுக்கு உறவு சொல்லிக்கொண்டிருந்தார். காரியஸ்தர் நெற்றியைத் துடைத்துக்கொண்டே, மலை இவ்வளவு யோசித்துப் பதில் சொன்னது இதுவே முதல்தடவை என்று யாரிடமோ அளந்துகொண்டிருந்தார். இனி காசுள்ள வீடுகளுக்கெல்லாம் தாமதமான புகைதான் வரும் என்று காலேஜ் புரிந்துகொண்டான்.

மாமியார் மட்டும் நின்ற இடத்திலேயே நின்றிருந்தாள். மேலே பார்த்துக்கொண்டே பேசினாள்.

"பாத்தீங்களா மாப்பிள்ளை? எல்லாரையும் காக்க வச்சு, முதல்ல கறுப்பா கொஞ்சம் முரண்டு பண்ணி, அப்புறமாத்தான் வந்தா." அவள் முகத்தில் சிரிப்பு வந்து கோணிக்கொண்டது. "எங்க போனாலும் அவ லேட்டுதான்."

அவன் அண்ணாந்து பார்த்தான். இத்தனை வருஷம் கீழேயிருந்து புகை போட்டவன், மேலே அது எப்படியிருக்கும் என்று பார்த்ததில்லை. வெள்ளையாக இருந்தது. அடியில் ஒரு கறுப்பு இழை இன்னும் கலையாமல் ஓடியது. சின்னச் சூரியனை மறைத்துக்கொண்டு, அவசரமே இல்லாமல் ஏறியது. வெறும் வைக்கோல், நீராவி, கரி என்று ஒவ்வொன்றாகச் சொல்லிப் பார்த்துக்கொண்டான். பார்வையை எடுக்க முடியவில்லை.

வீட்டுக்கு வந்ததும் மாமியார் நாயை விரட்டினாள். கூடத்துச் சாம்பலைப் பெருக்கித் தள்ளினாள். எத்தனையோ நாளைக்குப் பிறகு பாயை விரித்து உதறிப் போட்டாள்.

"தாழ்ப்பாளைப் போடுங்க மாப்பிள்ளை."

மலையடியில் கழற்றிவிட்டுத் திரும்பும்போது மாட்டிக்கொண்ட செருப்போடேயே அவன் கதவைச் சாத்தித் தாழ்ப்பாளில் கை வைத்தான். சும்மா கிடந்து துருப்பிடித்திருந்தது. ஒரு தட்டுத் தட்டினால் போதும். ஏழு வாயிலும் வெப்பமானி இறக்கியவன், எல்லாம் பித்தலாட்டம் என்று தெரிந்தவன், அந்த ஒரு தட்டுக்குக் கை எழாமல் நின்றான்.

"கொஞ்ச நேரம் ஆகட்டும் அத்தை."

அவள் எழுந்து வந்தாள். அவன் தலைமுடிப் பக்கம் வந்ததும் ஒரு கணம் நின்று மூச்சை இழுத்தாள். எதுவும் கேட்கவில்லை. அவன் கையை மெதுவாக எடுத்துவிட்டு, உள்ளங்கையால் தாழ்ப்பாளை ஓங்கித் தட்டினாள். அது போய் விழுந்தது.

"படுங்க" என்றாள். "செருப்பைக் கழட்டிட்டுப் படுங்க."